இடைக்கால உதவிப் பேராசிரியர்

எங்கள் கல்லூரியில் அவரை யாரும் பெயர் சொல்லிக் குறிப்பிட்டதில்லை. "இடைக்காலம் வந்தாச்சா?" என்பார்கள். "இடைக்காலம் இன்னைக்கு லீவு" என்பார்கள். யாருக்காவது வகுப்பு மாற்றிக்கொள்ள வேண்டியிருந்தால், இடைக்காலத்தைக் கேளுங்கள், மாட்டேன் என்று சொல்ல மாட்டார் என்பார்கள். அந்தக் கேலியைத் தொடங்கி வைத்தது அலுவலகத்துத் தட்டச்சுக்காரம்மா. கால அட்டவணையில் ஆசிரியர் பெயர் வரவேண்டிய கட்டத்திலும் 'இடைக்காலம்' என்றே அடித்துவிட்டார். அவர்மேல் தப்பு இல்லை. அந்த மனிதருடைய தாளில் எங்கே பார்த்தாலும் அந்தச் சொல்தான் இருந்தது. அவர் நடத்தியது இடைக்கால அரசியல் சிந்தனை. ஐரோப்பாவில் போப்பும் ராஜாக்களும் யார் பெரியவர் என்று மல்லுக்கட்டிய நூற்றாண்டுகளும், காணாமல் போயிருந்த கிரேக்க நூல்கள் திரும்பக் கிடைத்துப் படிப்பு மறுபடி துளிர்த்த கதையும் அதில் வரும். அவர் வகித்த பதவி, இடைக்கால உதவிப் பேராசிரியர். ஜூனில் உத்தரவு கொடுப்பார்கள், ஏப்ரலோடு வேலை முடிந்துவிடும். மறுபடி ஜூனில் இன்னொரு உத்தரவு. இப்படியே பதினாறு வருடம் ஓடியது.

நான் அந்தத் துறைக்குத் தலைவி. இன்னும் நான்தான் தலைவி. ராசிபுரத்துக்கும் நாமக்கல்லுக்கும் நடுவில் நெடுஞ்சாலையை ஒட்டி இருக்கும் கல்லூரி அது. லாரித் தொழிலில் மேலே வந்த எங்கள் தாளாளர் கட்டியது. துறைத் தலைவி என்றால் பெரிதாக ஒன்றும் இல்லை. கோப்பு எழுதுவது, கோப்பு எழுதியதற்கு ஒரு கோப்பு எழுதுவது, மதிப்பீட்டுக் குழு வரும் வருடத்தில் முந்தைய ஐந்து வருடக் கோப்புகளை ஒரே வாரத்தில் எழுதுவது. அரசியல் சிந்தனை என்பதை நான் கடைசியாகச் சிந்தித்தது முதுகலைத் தேர்வின்போது என்று வைத்துக்கொள்ளலாம். அவர் மட்டும்தான் எங்கள் துறையில் தினமும் படித்துக்கொண்டிருந்த ஆள்.

சேலம் கோட்டைப் பக்கம் வீடு. பஸ்ஸில் இடம் கிடைத்தாலும் நின்றுகொண்டே வருவார். உட்கார்ந்தால் தூக்கம் வந்துவிடும், கண் முழிக்கும்போது நாமக்கல் வந்திருக்கும் என்பார். நான் ராசிபுரத்தில் அதே பஸ்ஸில் ஏறுவேன். கம்பியைப் பிடித்துக்கொண்டு, ரெக்சின் பையை மார்போடு அணைத்தபடி நின்றுகொண்டிருப்பார். காலை எட்டரை மணிக்கே அந்த முகத்தில் ஒரு நாள் முழுக்க வேலை பார்த்த களைப்பு இருக்கும்.

அவரிடம் ஒரு பழக்கம் இருந்தது. எதைச் சொன்னாலும், அது தனக்கு யார் வழியாக வந்தது என்று சேர்த்தே சொல்வார். நாளைக்கு பஸ் ஓடாதாம் என்று சொல்ல வந்தால், அதைத் தனக்குச் சொன்னது எந்த கண்டக்டர், அந்த கண்டக்டருக்கு டெப்போ டீக்கடையில் சொன்னது யார் என்பதுவரை போய்விட்டுத்தான் பஸ்ஸுக்கு வருவார். மதியச் சாப்பாட்டில் தேங்காய்ப்பால் சோறு நன்றாக இருக்கிறதே என்றால், வீட்டுக்காரம்மா செய்தது என்று விட மாட்டார். பட்டையைக் குறைத்துப் போடும்படி அவருக்குச் சொன்ன பக்கத்து வீட்டு அம்மா, அந்த அம்மாவுக்குச் சொல்லிக்கொடுத்த ஆத்தூர் நாத்தனார், எல்லோரும் அந்த டிபன் பாக்ஸிலிருந்து இறங்கி வருவார்கள். ஆசிரியர் அறையில் எல்லோருக்கும் இது சிரிப்பு. "சார், நேரம் என்னங்க?" என்று கேட்டுவிட்டு, "யார் வழியாத் தெரிஞ்சுதுங்க?" என்று வணிகவியல் ஆள் ஒருவர் வம்புக்கு இழுப்பார். இவர் கோபித்துக்கொள்ள மாட்டார். கைக்கடிகாரத்தைப் பார்த்து, தன் மச்சினன் வாங்கிக் கொடுத்தது என்பார்.

இந்தப் பழக்கத்துக்கு இன்னொரு பாதி உண்டு. அது எனக்குப் பிடிபட நாளாயிற்று. எனக்கு முழங்கால் வலி வந்தபோது ஒரு எண்ணெய் காய்ச்சும் முறையை எழுதிக்கொடுத்தார். வழக்கம்போல அது யார் யார் கை மாறி வந்தது என்பதும் தாளின் அடியில் இருந்தது. எதற்கு இது என்று கேட்டால் அலுப்பாகச் சிரித்துக்கொண்டு சொன்னார். வலி போனால் அது அவர்களுடைய மருந்து, போகாவிட்டால் நான் சரியாகக் கேட்டு எழுதவில்லை என்று அர்த்தம். நல்லது வந்தால் வழி சொல்வார். தப்பு வந்தால் தன்னோடு நிறுத்திக்கொள்வார். வலி போகவில்லை. அடுத்த வாரம் அதற்காக என்னிடம் மன்னிப்புக் கேட்டார், எனக்கு எரிச்சலாக வந்தது. இவ்வளவு நல்லவராக ஒருவர் பக்கத்தில் இருப்பது மற்றவர்களுக்குச் சிரமம். நான் சொல்வது அனுபவித்தவர்களுக்குப் புரியும்.

இது எங்கிருந்து வந்தது என்று ஒருமுறை கேட்டேன். வழி கேட்டால் வழி சொல்கிற மனிதர் ஆயிற்றே.

"எங்க அத்தாகிட்ட ஒரு பேச்சக் கொண்டு போனா, இதைய யார் சொன்னாங்கம்பாருங்க. தெரியலைன்னா, அப்ப நீயும் சொல்லாதேன்னுருவாரு. மார்க்கெட்ல துணிக்கடை வெச்சிருந்தாருங்க. வேதம் சம்பந்தமாப் பேசினாலும் அதேதான், வெங்காய விலை பேசினாலும் அதேதான்" என்று தன் அப்பாவைப் பற்றிச் சொன்னார்.

வகுப்பில் அவர் நடத்துவதை ஒருநாள் பின் வரிசையில் உட்கார்ந்து பார்த்தேன். ஆர்வம் ஒன்றும் இல்லை, வருடத்துக்கு ஒருமுறை துறைத் தலைவர் பார்த்து எழுத வேண்டும் என்று ஒரு கோப்பு இருந்தது. கரும்பலகையில் இடதுகோடியில் கிரேக்கம் என்று எழுதி, அங்கிருந்து சிரியா, பாக்தாத், ஸ்பெயின், இத்தாலி என்று கோடு இழுத்துக்கொண்டே போனார். ஒரு புத்தகம் ஒரு மொழியில் இறங்கி இன்னொரு மொழியில் ஏறிப் போன பாதை. பையன்களில் பாதிப் பேர் நாமக்கல் லாரி வீட்டுப் பிள்ளைகள். அவர்களுக்காக அதை டிரான்சிப்மென்ட் என்று சொன்னார். வழியில் ஒரு வண்டியிலிருந்து இன்னொரு வண்டிக்கு லோடு மாற்றுவதற்கு அவர்கள் ஊரில் அதுதான் பேர். உடனே வகுப்பு நிமிர்ந்து உட்கார்ந்தது. ஒரு பையன் எழுந்து, "சார், ஏத்துனவன் பேரும் இறக்குனவன் பேரும் பில்லுல இருக்குமுங்க. நடுவுல லோடு மாத்துனவன் பேரு இருக்காதுங்களே" என்றான்.

"இருக்காதுதான் சாமி. அதுக்குத்தான் இந்தப் பாடம்" என்றார்.

நான் கோப்பில் 'திருப்திகரம்' என்று எழுதினேன்.

அவர் பாடமும் அவர் பழக்கமும் ஒன்றுதான் என்று எனக்குப் பிறகுதான் தோன்றியது. அந்த நூற்றாண்டுகளில் நடந்த பெரிய சண்டையே, ராஜாவுக்கு அதிகாரம் யார் வழியாக வந்தது என்பதுதானாம். கடவுளிடமிருந்து நேராக வந்ததா, போப் வழியாக வந்ததா, குடிமக்கள் வழியாக வந்ததா. நேராக வந்தது என்று எவன் சொன்னாலும் அவனை நம்பாதீர்கள், நடுவில் ஓர் ஆளை மறைக்கிறான் என்று அர்த்தம் என்பார். கடவுள் இரண்டு வாள் கொடுத்தார், ஒன்று கோயிலுக்கு, ஒன்று அரசனுக்கு என்று அவர்கள் எழுதியதை ஆசிரியர் அறையில் ஒருநாள் விளக்கினார். நம் கல்லூரியில் ஒரு வாள் தாளாளரிடம், இன்னொன்று பல்கலைக்கழகத்திடம், நமக்குக் கத்தரிக்காய் நறுக்கக்கூட ஒன்றும் மிச்சமில்லை என்றேன். மனம்விட்டுச் சிரித்தார். அதற்குப் பிறகு அந்த நகைச்சுவையை எங்கே சொன்னாலும் என் பெயரைச் சொல்லியே சொன்னார். தாளாளரின் மருமகனிடம்கூட அப்படித்தான் சொல்லித் தொலைத்தார்.

தனக்கு வராத பெருமையையும் வாங்கிக்கொள்ள மாட்டார். தமிழ்த்துறைப் பெரியவர் ஒருவர் அன்பாக, உங்கள் முஸ்லிம் அறிஞர்கள் அரபியில் காப்பாற்றி வைத்திருக்காவிட்டால் ஐரோப்பாக்காரனுக்குக் கிரேக்கமே கிடைத்திருக்காது என்றார். நானாக இருந்தால் தலையாட்டிவிட்டு டீ குடித்திருப்பேன். இவர் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, நிறைய நூல்கள் அப்படித்தான் வந்தன, ஆனால் நான் நடத்துகிற அந்த அரசியல் நூல் மட்டும் அரபிக்கு வந்ததற்குத் தடயம் இல்லை, அது நேராகக் கிரேக்கத்திலிருந்து லத்தீனுக்குப் போயிருக்கிறது என்றார். பெரியவருக்கு முகம் சுருங்கிவிட்டது. பாராட்டைத் திருப்பிக் கொடுத்தால் யாருக்குத்தான் பிடிக்கும்?

அவருக்கு வேண்டியிருந்தது ஒன்றே ஒன்று. உத்தரவிலிருந்து 'இடைக்கால' என்ற சொல் போக வேண்டும். ஒவ்வொரு மே மாதமும் வீட்டில் வேலை இருப்பதுபோல முகத்தை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பது பெரிய வேலை என்பார். எங்கள் நிர்வாகத்தில் நாற்பத்தைந்து வயதுக்குமேல் யாரையும் நிரந்தரமாக்குவதில்லை. அவருக்கு நாற்பத்து நான்கு நடந்துகொண்டிருந்தது.

அந்த வருடம் பாடத்திட்டக் கூட்டத்தில் தாளாளர் வந்து உட்கார்ந்தார். கெட்ட மனிதர் இல்லை. எட்டாவதோடு படிப்பை விட்டவர், தன் கல்லூரியில் என்ன சொல்லிக்கொடுக்கிறார்கள் என்று தெரிந்துகொள்ளும் ஆசை உள்ளவர். தாள்களைப் புரட்டிக்கொண்டே வந்தவர் எங்கள் துறையில் நின்றார்.

"ஏனுங்க மேடம், இந்த இடைக்கால அரசியல் சிந்தனை எத்தன வருசமா ஓடுது?"

பதினாறு வருடமாக நடப்பதாகச் சொன்னேன்.

"பதனாறு வருசமா இடைக்காலமாவே வெச்சிருந்தா எப்படிங்க? ஒண்ணு அதைய நெரந்தரமாக்குங்க, இல்லீன்னா எடுத்துப்போடுங்க" என்றார்.

யாரும் சிரிக்கவில்லை. சிரிக்கக் கூடாத இடம் அது. தற்காலிகமான ஏதோ ஒரு பாடத்தை நாங்கள் சோம்பேறித்தனமாக நீட்டிக்கொண்டே போகிறோம் என்று அவர் நினைத்திருக்கிறார். முதல்வர் என்னைப் பார்த்தார். நான் மேசையைப் பார்த்தேன். கடைசியில் பாடம் நடத்துகிறவரையே கூப்பிட்டு விளக்கச் சொன்னார்கள். அவர் வந்து, இது நடுவில் வந்த காலம் என்ற பொருளில் இடைக்காலம் என்றார். ரொம்பப் பொறுமையாகத்தான் சொன்னார்.

"அந்தக் காலத்துல இருந்தவங்களுக்கு அது நடுவுலன்னு தெரியாதுங்கய்யா. அப்புறம் வந்தவங்க வெச்ச பேருங்க அது" என்றார்.

தாளாளர் கொஞ்ச நேரம் யோசித்தார். பிறகு, நீங்கள் என்னவாக இருக்கிறீர்கள் சார் என்று கேட்டார். இடைக்கால உதவிப் பேராசிரியர் என்று இவர் சொன்னதும், "அப்ப நீங்களும் நடுவுல வந்தவருங்களா?" என்றார் தாளாளர். அதற்குத்தான் எல்லோரும் சிரித்தோம். ஆனால் அந்தச் சிரிப்பில் தாளாளருக்கு அவரைப் பிடித்துப்போய்விட்டது. அடுத்த ஏப்ரலில் நேர்காணல் வைக்கலாம், ஒரு புத்தகம் எழுதியிருந்தால் நிரந்தரமாக்கிவிடலாம் என்று அந்தக் கூட்டத்திலேயே சொன்னார்.

புத்தகம் இருந்தது. அதுதான் கொடுமை. அவர் வருடக்கணக்காகத் தமிழில் எழுதிவைத்த குறிப்புகள் முழு நூலாகவே இருந்தன. எங்கள் பிள்ளைகள் மட்டுமல்ல, ஓமலூர், ஆத்தூர்ப் பக்கத்துக் கல்லூரிப் பிள்ளைகளும் அதை ஜெராக்ஸ் எடுத்துப் படித்தார்கள். முதல் மூன்று பக்கம் முழுக்க 'வழி' என்ற தலைப்பில் பெயர்கள். இன்ன கருத்தை எனக்கு விளக்கிய ஆசிரியர், இன்ன நூலைத் தேடிக் கொடுத்த நூலக உதவியாளர், லத்தீன் சொல்லுக்குப் பொருள் சொன்ன பாதிரியார், ஒரு பத்தியைத் தப்பு என்று காட்டிய மாணவி. இருபது முப்பது பேர் இருப்பார்கள். எழுதியவர் பெயர் மட்டும் எங்கேயும் இல்லை.

அதே வருடம் மதிப்பீட்டுக் குழு வருவதாக இருந்தது. துறைக்கு ஒரு புத்தகம் கல்லூரியே வெளியிட வேண்டும் என்று முதல்வர் உத்தரவு போட்டார். எங்கள் துறையில் அச்சுக்குக் கொடுக்க அந்தக் குறிப்புகளைத் தவிர வேறு ஒன்றும் இல்லை. கேட்டேன், கொடுத்தார். தட்டச்சு ஆகி வந்தபோது அலுவலக மேலாளர் ஒரு முட்டுக்கட்டை போட்டார். இடைக்கால ஆளின் பெயரைக் கல்லூரி வெளியீட்டில் போட்டால், நாளைக்கு அவர் அதையே சாட்சியாக வைத்து, தான் நிரந்தர ஆள்தான் என்று வழக்குப் போடுவார் என்றார். வழக்குப் போடுகிற ஆளா அவர் என்று நான் கேட்டிருக்கலாம். முதல்வர், துறைத் தலைவர் பெயரில் வரட்டுமே என்றார். எனக்கும் பதவி உயர்வுக்கு ஒரு புத்தகம் தேவைப்பட்டது. நான் வாயைத் திறக்கவில்லை.

அவரிடம் போய்ச் சொன்னது நான்தான். அடுத்த பதிப்பில் சரிசெய்துகொள்ளலாம், நேர்காணலில் நானே எடுத்துச் சொல்கிறேன் என்றேன். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு நின்றார். பெயரைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை.

"அந்த முன்பக்கம் மூணும் இருக்கட்டுங்க மேடம். அது போதும்" என்றார்.

பார்க்கலாம் என்றேன். அந்த மூன்று பக்கங்களும் இருந்தால் புத்தகம் என்னுடையது இல்லை என்று படிக்கத் தெரிந்த எவருக்கும் புரிந்துவிடும். அந்தப் பெயர்களில் ஒருவரைக்கூட எனக்குத் தெரியாது. பக்கம் அதிகமாகிறது என்று அச்சகத்தில் காரணம் சொல்லி எடுத்துவிட்டேன். யாரும் என்னை எடுக்கச் சொல்லவில்லை. இதை எழுதும்போது கை கூசுகிறது. ஆனால் அன்றைக்குக் கூசவில்லை.

புத்தகம் வந்ததும் ஒரு பிரதி வாங்கி, முன்பக்கத்தைத் திறந்து பார்த்தார். இரண்டு தாள்களைத் திருப்பினார். மூடிப் பைக்குள் வைத்துக்கொண்டு வகுப்புக்குப் போய்விட்டார். அன்று சாயங்காலம் பஸ்ஸில் கூட்டம். எனக்கு உட்கார இடம் கிடைத்தது, அவர் வழக்கம்போல நின்றார். நான் ராசிபுரத்தில் இறங்கும்வரை ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஏப்ரலில் நேர்காணல். மேசைக்கு இந்தப் பக்கம் தாளாளர், முதல்வர், நான், சேலத்திலிருந்து வரவழைத்த ஓய்வுபெற்ற பேராசிரியர் ஒருவர். அந்தப் பக்கம் அவர் மட்டும், வெள்ளைச் சட்டையை இஸ்திரி போட்டு வந்திருந்தார். வெளியிலிருந்து வந்தவர் நன்றாகத்தான் கேட்டார், இவரும் நன்றாகத்தான் சொன்னார். ஒவ்வொரு பதிலுக்கும் இது யார் சொன்னது, யார் வழியாகக் கிடைத்தது என்று இழுத்துக்கொண்டே போக, பேராசிரியருக்குக் கொஞ்சம் பொறுமை குறைந்தது. கடைசியாக, நீங்கள் என்ன எழுதியிருக்கிறீர்கள் என்று கேட்டார்.

இவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

பேராசிரியர் என் பக்கம் கையைக் காட்டினார். "உங்க துறைத் தலைவர் இதே பொருள்ல நல்ல புத்தகம் ஒண்ணு போட்டிருக்காங்களே, அதையாவது படிச்சிருக்கீங்களா?"

டிபன் பாக்ஸுக்கும் கைக்கடிகாரத்துக்கும் வழி சொல்லுகிற மனிதர். இதற்கு மட்டும் சொல்லாமல் விடுவாரா என்று நினைத்தேன். சொல்லிவிடுவாரோ என்று பயந்தேன், சொல்லிவிட்டால் நிம்மதி என்றும் இருந்தது. அவர் என்னைப் பார்த்தார். முறைக்கவில்லை. பஸ்ஸில் வணக்கம் சொல்லும்போது பார்ப்பாரே, அப்படித்தான் பார்த்தார்.

"படிச்சிருக்கேனுங்க. நல்லா வந்திருக்குதுங்க. எட்டாவது அத்தியாயத்துல ஒரு தப்பு இருக்குது. அந்தத் தப்பு என்னோடதுங்க" என்றார்.

பேராசிரியருக்குப் புரியவில்லை. தாளாளருக்கும் புரியவில்லை. முதல்வர் தாள்களை அடுக்கினார். அறையில் புரிந்தது முதல்வருக்கும் எனக்கும்தான். நானே எடுத்துச் சொல்கிறேன் என்று வாக்குக் கொடுத்திருந்தவள் நான்தான். வாயில் கொழுக்கட்டையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

அவர் வெளியே போனதும் தாளாளர் உண்மையாகவே வருத்தப்பட்டார். "தங்கமான மனுசனுங்க. எழுத்துன்னு ஒண்ணு கையில இல்லீங்களே" என்றார். பேராசிரியர் குறிப்பில் 'வெளியீடு இல்லை' என்று எழுதினார். நான் அதன் கீழே கையெழுத்துப் போட்டேன்.

நடைவழியில் தண்ணீர்த் தொட்டி அருகில் நின்றுகொண்டிருந்தார். நான் நேராகப் போயிருக்கலாம். போக முடியவில்லை. ஏன் சார் சொல்லவில்லை என்று அவர்மேலேயே கோபித்துக்கொண்டு கேட்டேன். எனக்கு அன்றைக்கு அவர்மேல் உண்மையிலேயே கோபம்.

"நீங்க அங்கதானே உக்காந்திருந்தீங்க மேடம். நீங்க சொல்லுவீங்கன்னு இருந்தேன்" என்றார்.

அந்த ஜூனில் உத்தரவு வரவில்லை. நாற்பத்தைந்து ஆகிவிட்டது. பாடத்தையும் எடுத்துவிட்டு அந்த நேரத்தில் அலுவலக மேலாண்மை போட்டார்கள். நூலகப் புத்தகங்களைத் திருப்பிக் கொடுக்க ஒருநாள் வந்தார். ஒவ்வொன்றையும் எண்ணிச் சரிபார்த்து வாங்கிய நூலகர், ஒரு பக்க மடிப்புக்கூட இல்லை என்று எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தார். என் அறைக்கும் வந்து, வாரேனுங்க மேடம் என்று சொல்லிவிட்டுப் போனார். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். இரண்டு வார்த்தை திட்டியிருந்தால் நான் பத்து வார்த்தை திருப்பித் திட்டி, இந்நேரம் எல்லாவற்றையும் மறந்திருப்பேன்.

எனக்குப் பதவி உயர்வு வந்தது. புத்தகம் நன்றாகப் போனது. வெளியில் ஏதாவது கருத்தரங்குக்குப் போனால், இடைக்காலச் சிந்தனை எழுதிய மேடம்தானே என்று இளைய ஆசிரியர்கள் வந்து கும்பிடுவார்கள். ஒரு கேள்வி கேட்பார்கள். நான் நேரமாகிவிட்டது என்று சொல்லிச் சாப்பாட்டுப் பந்திக்குப் போய்விடுவேன்.

ஆனால் அந்த எட்டாவது அத்தியாயம் என்னை விடவில்லை. அதில் என்ன தப்பு? முதல் வருடத்தில் மட்டும் பத்துத் தடவையாவது படித்திருப்பேன். கிரேக்க நூல்கள் லத்தீனுக்கு வந்தது, அதைப் படித்துவிட்டு அரசு என்பது பாவத்துக்குத் தண்டனை இல்லை, மனிதனுக்கு இயல்பானது என்று துறவிகளே எழுதத் தொடங்கியது, எல்லாம் அதில் இருக்கிறது. ஆண்டுகளைச் சரிபார்த்தேன். ஊர்ப் பெயர்களைச் சரிபார்த்தேன். எல்லாம் சரியாகவே இருந்தது. அட்டையில் என் பெயர் போட்ட புத்தகத்தில் ஒரு தப்பு இருக்கிறது, அதைக் கண்டுபிடிக்கும் அளவுக்கு எனக்குப் படிப்பு இல்லை. இரண்டாம் பதிப்பு அந்தத் தப்போடுதான் போனது.

போன மாதம் மூன்றாம் பதிப்புக்கு அச்சுப்படி வந்தது. வீட்டு மேசையில் வைத்து மறுபடி எட்டாவது அத்தியாயத்தைத் திறந்தேன், மறுபடி ஒன்றும் தெரியவில்லை. ஒன்பது வருடம் ஆகிவிட்டது. அலுத்துப்போய் அவருக்கே போன் செய்தேன். எண் மாறியிருக்கவில்லை. ஓமலூரில் அரசுத் தேர்வுக்குப் பயிற்சி கொடுக்கும் நிலையம் ஒன்றில் இருக்கிறார். பொது அறிவு எடுக்கிறாராம். என் குரலை உடனே கண்டுகொண்டார். முழங்கால் எப்படி இருக்கிறது என்று கேட்டார். மாற்றிவிட்டார்கள், இப்போது இரும்பு என்றேன். சிரித்தார். நான் சுற்றி வளைக்காமல், எட்டாவது அத்தியாயத்தில் என்ன தப்பு சார் என்று கேட்டேன்.

அவர் யோசிக்கக்கூட இல்லை.

"அந்த அரசியல் நூலை லத்தீனுக்குக் கொண்டு வந்தவரைப் பேர் தெரியாத ஒரு பாதிரியார்னு எழுதியிருப்பேன் பாருங்க. அவருக்குப் பேர் இருக்குதுங்க மேடம். எல்லாத்துலயும் போட்டிருக்குது. நான்தான் சரியாத் தேடல" என்றார்.

பென்சிலை எடுத்தேன். அவர் எழுத்து எழுத்தாகச் சொன்னார், நான் அச்சுப்படியின் ஓரத்தில் எழுதிக்கொண்டேன். இதைத் தனக்குக் காட்டிய ஆளின் பெயரையும் ஊரையும் சொன்னார். அதையும் எழுதிக்கொண்டேன், அதை எங்கே போடுவது என்று தெரியாமலேயே. பின்னால் யாரோ வகுப்புக்குக் கூப்பிடும் சத்தம் கேட்டது. நான் அவர் பெயரைச் சொல்லி, "இந்தத் தடவை..." என்று ஆரம்பித்தேன். ஒன்பது வருடமாகச் சொல்ல நினைத்த வாக்கியம், அதற்குமேல் வரவில்லை. அவர் சற்று நேரம் காத்திருந்தார். பிறகு, வகுப்புக்கு நேரமாகிவிட்டது, வைக்கட்டுமா என்று கேட்டார். சரிங்க சார் என்றேன்.

மறுநாள் அச்சகத்திலிருந்து கூப்பிட்டு, எத்தனை திருத்தம் மேடம் என்று கேட்டார்கள். அச்சுப்படி என் முன்னால்தான் இருந்தது, என் பெயர் போட்ட அட்டை மேலே. ஒன்றுதான், எட்டாவது அத்தியாயத்தில் என்றேன்.